எந்தக் கணக்கிலும் வராத 13 வருடம்: ஓர் ஏட்டய்யாவின் ஓய்வூதிய வழக்கு

2019 டிசம்பர் 17. ஓய்வூதியர் நாள் கூட்டம் முடிந்து நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். தலைமைக் காவலராக, அதாவது ஏட்டாக, ஓய்வு பெற்று ஏழு மாதம் ஆன ஒருவர் மஞ்சள் பையோடு என்னிடம் வந்தார். ஓய்வூதிய ஆணையை எடுத்து நீட்டி, "சார், பட்டாளத்துல இருந்த வருஷமெல்லாம் இதுல எங்க இருக்கு?" என்று கேட்டார். முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை தேடினேன். எங்கும் இல்லை.

காவல்துறையின் அமைச்சுப் பணியில், அதாவது அலுவலக எழுத்து வேலையில் இருந்து, கடைசிப் பல வருடங்கள் ஓய்வூதியக் கருத்துரு (ஓய்வு பெறுபவரின் ஓய்வூதியத்தைக் கேட்டு அனுப்பும் கோப்பு) தயாரிப்பதையே வேலையாகச் செய்தவன் நான். ஏட்டய்யா பணியாற்றிய மாவட்டத்தில் நான் வேலை பார்த்ததில்லை. அவர் பெயரையும் மாவட்டத்தையும் இங்கே சொல்லப்போவதில்லை. ஆனால் இந்த வழக்கு எப்படிச் சிக்கியது, எப்படி அவிழ்ந்தது என்பதைக் கொஞ்சம் விரிவாகவே எழுத வேண்டும். முன்னாள் படைவீரர் ஒதுக்கீட்டில் காவல்துறைக்கு வந்த பலருக்கு இதே ஓட்டை இருக்கிறது. பலருக்கு அது தெரியாது.

அவருடைய பணி வரலாறு இது. 1981 பிப்ரவரி 1 அன்று, 19 வயதில் மெட்ராஸ் ரெஜிமென்டில் சேர்ந்தார். 1994 மே 31 அன்று சொந்த விருப்பத்தில் விலகினார். அப்பா இறந்துவிட்டார், அம்மா பக்கவாதத்தில் படுக்கையில், பார்த்துக்கொள்ள வேறு ஆள் இல்லை. சிப்பாய்க்கு ராணுவ ஓய்வூதியம் கிடைக்க 15 வருடம் வேண்டும். அவர் முடித்தது 13 வருடம் 4 மாதம். அதனால் ஓய்வூதியம் கிடையாது. பணிக்கொடையாக இருபதாயிரத்துச் சொச்சம் கொடுத்து அனுப்பினார்கள். அந்தப் பணம் அம்மாவின் வைத்தியத்திலேயே கரைந்தது.

அதே வருடம் அக்டோபர் 1 அன்று இரண்டாம் நிலைக் காவலராகச் சேர்ந்தார். பத்து வருடத்தில் முதல் நிலை, பதினைந்தில் ஏட்டு. தமிழ்நாடு காவல்துறையில் அப்போது 25 வருடம் முடித்தால் சிறப்பு உதவி ஆய்வாளர். அவருக்கு 58 வயது நிறைந்தபோது காவல் பணி 24 வருடம் 7 மாதம். 2019 ஏப்ரல் 30 அன்று, ஐந்து மாதக் குறையில் அந்தப் பதவிக்கான நட்சத்திரமும் இல்லாமல் போயிற்று. ஓய்வு வயது 59 ஆனது அடுத்த வருடம் மே மாதத்தில்தான். ஒரு மனிதருக்கு இரண்டு இடத்திலும் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்திருக்கிறது. குறைந்தது அவர் உழைப்பில் அல்ல, நாள் கணக்கில்.

கணக்கு என்ன சொல்கிறது

தமிழ்நாட்டில் முழு ஓய்வூதியத்துக்குத் தகுதியான பணிக்காலம் 30 வருடம். அதை அரையாண்டுகளாகப் பிரித்து 60 என்று வைத்துக்கொள்வார்கள். கடைசி அடிப்படை ஊதியத்தில் பாதி. அதை அவரவர் அரையாண்டுகளால் பெருக்கி 60 ஆல் வகுக்க வேண்டும். மூன்று மாதமோ அதற்கு மேலோ மிச்சம் இருந்தால் அது ஓர் அரையாண்டாக ஏறும். ஏட்டய்யாவின் 24 வருடம் 7 மாதத்தில் 49 அரையாண்டு போக மிச்சம் ஒரு மாதம். அது ஏறவில்லை.

கடைசி அடிப்படை ஊதியம் 48,000 ரூபாய். பாதி 24,000. அதில் 60க்கு 49 என்றால் 19,600 ரூபாய். படைப்பணி சேர்ந்திருந்தால் மொத்தம் 37 வருடத்துக்கு மேல் போகும். 60 அரையாண்டு என்ற உச்சவரம்பைத் தாண்டுவதால் முழு 24,000 கிடைத்திருக்கும். மாதம் 4,400 ரூபாய் குறைவு. அதற்கு மேல் வரும் அகவிலைப்படியும் அதே விகிதத்தில் குறையும், ஒவ்வொரு மாதமும், உயிரோடு இருக்கும் வரை.

பணிக்கொடையில் அடி இன்னும் பெரிது. ஓர் அரையாண்டுக்குக் கால் மாத ஊதியம், அதிகபட்சம் பதினாறரை மாதம். இங்கே ஊதியம் என்றால் அடிப்படையோடு அகவிலைப்படியும் சேரும். அப்போது அது 12 சதவீதம், ஆக 53,760 ரூபாய். 49 அரையாண்டுக்குப் பன்னிரண்டே கால் மாதம்: 6,58,560 ரூபாய். முழுப் பணியும் சேர்ந்திருந்தால் பதினாறரை மாதம்: 8,87,040 ரூபாய். வித்தியாசம் 2,28,480 ரூபாய். ஓய்வூதியத்தில் மூன்றில் ஒரு பங்கைத் தொகுத்து, அதாவது முன்கூட்டியே மொத்தத் தொகையாகப் பெற்றதிலும் இதே போல ஒரு குறை உண்டு.

இதை ஒரு தாளில் எழுதிக் காட்டினேன். ஏட்டய்யா தொகையைப் பார்க்கவே இல்லை. "அப்போ அந்த 13 வருஷம் ராணுவத்துலயும் இல்ல, போலீஸ்லயும் இல்ல, அப்படித்தானே சார்?" என்றார். நானும் அன்றிலிருந்து இந்த வழக்கை அப்படித்தான் பார்க்கிறேன். ராணுவ ஓய்வூதியம் வாங்கிக்கொண்டு காவல்துறையில் சேர்ந்தவருக்கு முதல் பணிக்கான பலன் ஏற்கெனவே கையில் இருக்கிறது. இவருக்கு அப்படி எதுவும் இல்லை.

விதி கேட்கும் ஒரு கடிதம்

படைப்பணியைக் குடிமைப் பணியோடு சேர்ப்பது புதிய சலுகை ஒன்றும் இல்லை. மத்திய அரசின் 1972 ஓய்வூதிய விதிகளில் 19-ஆவது விதி இதைத் தெளிவாகச் சொன்னது. 1978 தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளும் அதே தடத்தில் போகின்றன. 18 வயதுக்குப் பிறகு படையில் பணியாற்றி, பிறகு அரசுப் பணிக்கு வருபவருக்கு இரண்டு வழி. வாங்கிய ஓய்வூதியத்தையோ பணிக்கொடையையோ வைத்துக்கொள்ளலாம். அப்போது பழைய பணி சேராது. அல்லது வாங்கியதைத் திருப்பிக் கட்டிவிட்டுப் பழைய பணியைச் சேர்த்துக்கொள்ளலாம். மத்திய விதியில் தவணை வசதியும் உண்டு, 36 மாதத் தவணை வரை.

இந்த விருப்பத்தை ஓய்வு பெறும்போது அல்ல, பணி உறுதியான காலத்திலேயே, குறித்த கெடுவுக்குள் எழுத்தில் தர வேண்டும். தராவிட்டால், வாங்கியதை வைத்துக்கொள்வதையே தேர்ந்தெடுத்ததாகக் கொள்ளப்படும். அலுவலகங்கள் எல்லாம் பிடித்துக்கொள்வது இந்தக் கடைசி வரியைத்தான். அதற்கு முந்தைய வரியை யாரும் வாசித்துக் காட்டுவதில்லை: நியமன அதிகாரி பணி உறுதி ஆணையோடு சேர்த்து, "உன் விருப்பத்தைத் தெரிவி, தெரிவிக்காவிட்டால் இன்னது நடக்கும்" என்று அந்த ஊழியருக்கு எழுத்தில் சொல்ல வேண்டும். மௌனம் சம்மதம் என்று எடுத்துக்கொள்ள வேண்டுமானால், முதலில் கேள்வி கேட்கப்பட்டிருக்க வேண்டும் அல்லவா?

சரி, கேட்டார்களா? அதைப் பணிப்பதிவேடுதான் சொல்ல வேண்டும். நகல் கேட்டு மனுப் போட்டோம். கைக்கு வர மூன்று மாதம் ஆயிற்று.

பணிப்பதிவேட்டை வாசிப்பதற்கென்று ஒரு முறை இருக்கிறது. ஊதிய உயர்வுப் பக்கங்களை விட்டுவிட்டு, முதல் நான்கு பக்கத்தையும் அவற்றின் ஓரக் குறிப்புகளையும் பார்க்க வேண்டும். ஏட்டய்யாவின் பதிவேட்டில் முதல் பக்கத்தில் சிவப்பு மையில் "மு.ப.வீ. ஒதுக்கீடு", அதாவது முன்னாள் படைவீரர் ஒதுக்கீடு என்று எழுதியிருந்தது. அதன் கீழே டிஸ்சார்ஜ் புத்தகத்தின் (படையிலிருந்து விடுவித்ததற்கான சான்று) எண். மூன்றாம் பக்கத்தில் தகுதிகாண் பருவம் முடிந்ததற்கான 1997 ஜனவரி ஆணை தட்டச்சுச் சீட்டாக ஒட்டப்பட்டிருந்தது. பசை காய்ந்து நகலில்கூடக் கறையாகத் தெரிந்தது. அதற்கு அடுத்த பதிவு வாரிசு நியமனம் (நாமினேஷன்). இரண்டுக்கும் நடுவில் விருப்பம் கேட்டதாகவோ, தெரிவித்ததாகவோ, மறுத்ததாகவோ ஒரு வரியும் இல்லை. முன்னாள் படைவீரர் என்பது அலுவலகத்துக்கு முதல் நாளே தெரியும். சிவப்பு மையில் எழுதி வைத்திருக்கிறார்கள். ஆனால் அதனால் செய்ய வேண்டிய வேலையைச் செய்யவில்லை.

டிரங்குப் பெட்டி

இந்த அளவோடு நின்றிருந்தால் வழக்கு நியாயத்தில் வலுவாகவும் சான்றில் பலவீனமாகவும் இருந்திருக்கும். 2020 மார்ச்சில் ஊரடங்குக்குச் சில நாள் முன்பு ஏட்டய்யாவின் வீட்டுக்குப் போயிருந்தேன். பழைய காகிதம் எது இருந்தாலும் காட்டுங்கள் என்றேன். அவர் மனைவி கட்டிலுக்கு அடியிலிருந்து கறுப்பு டிரங்குப் பெட்டியை இழுத்தார். பட்டாளத்திலிருந்து கொண்டுவந்த பெட்டி. மூடியில் வெள்ளைப் பெயின்டில் அவருடைய படை எண் இன்னும் அழியவில்லை. உள்ளே டிஸ்சார்ஜ் புத்தகம், இரண்டு பதக்கம், பிள்ளைகளின் பள்ளிச் சான்றிதழ்கள். அதற்கும் அடியில் ஒரு பிளாஸ்டிக் உறையில் கார்பன் நகல் ஒன்று.

1997 மார்ச்சில் அவர் கொடுத்த மனு அது. அதே நிலையத்தில் இருந்த ஒரு எழுத்தர் சொல்லிக்கொடுத்து எழுதியதாம். "நான் ராணுவத்தில் பெற்ற பணிக்கொடையை அரசுக்குத் திருப்பிச் செலுத்தச் சம்மதிக்கிறேன். எனது முந்தைய ராணுவப் பணியைக் காவல் பணியுடன் சேர்த்துக்கொள்ளக் கேட்டுக்கொள்கிறேன்." இவ்வளவுதான். கீழே கையொப்பம், பக்கத்தில் ஊதா நிற வட்ட முத்திரை, முத்திரைக்குள் பேனாவால் எழுதிய தேதி. மனு எண் எழுத வேண்டிய இடம் காலியாக இருந்தது. அதாவது தபால் பிரிவில் வாங்கியிருக்கிறார்கள், பதிவேட்டில் ஏற்றினார்களா என்பது தெரியவில்லை.

"பதில் வரலையேன்னு கேட்கலையா ஏட்டய்யா?" என்றேன். "ரெண்டு தடவை கேட்டேன் சார். ரிட்டையர் ஆகும்போது பார்த்துக்கலாம்னு சொன்னாங்க" என்றார். இந்த ஒரு வாக்கியத்தை என் பணிக்காலத்தில் எத்தனை பேர் வாயிலிருந்து கேட்டிருப்பேன் என்று சொல்ல முடியாது. ஓய்வூதியக் கருத்துரு தயாரிக்கிறவன் என்ற முறையில் சொல்கிறேன்: ஓய்வு பெறும்போது பார்க்கக்கூடிய காரியம் அல்ல இது. அப்போது அந்த மனுவை வாங்கியவர் இருக்கமாட்டார், தபால் பதிவேடு அழிக்கப்பட்டிருக்கும், கெடுவும் இருபது வருடம் முன்பே முடிந்திருக்கும்.

இரண்டாவது சான்றுக்கு வெலிங்டனில் உள்ள ரெஜிமென்டின் ஆவண அலுவலகத்துக்கு எழுதினோம். படை எண், சேர்ந்த தேதி, விலகிய தேதி, டிஸ்சார்ஜ் புத்தகத்தின் நகல் எல்லாம் வைத்து. வந்த பதிலில் மொத்தப் பணி 13 வருடம் 4 மாதம், அதில் தகுதியற்ற பணி 11 நாள், பணிக்கொடையாகக் கொடுத்தது இவ்வளவு என்று இருந்தது. அந்த 11 நாள் என்ன என்று கேட்டேன். அம்மா முதல் தடவை விழுந்தபோது விடுப்பு முடிந்தும் திரும்பாமல் இருந்த நாட்கள். அதைச் சொல்லும்போது அவருக்குக் குரல் கொஞ்சம் இறங்கியது. 11 நாளைக் கூட ராணுவம் எழுதி வைத்திருக்கிறது என்பதை நான் மனதில் குறித்துக்கொண்டேன். கணக்கில் சேராத நாளுக்கே பதிவு இருக்கும்போது, சேர வேண்டிய 13 வருடத்துக்கு இந்தப் பக்கம் ஒரு வரி இல்லை.

மறுப்பும் பதிலும்

இரண்டு சான்றையும் வைத்து அவர் கடைசியாக வேலை பார்த்த அலுவலகத்துக்கு மனு அனுப்பினோம். கொரோனா காலம். 2021 ஆகஸ்டில் பதில் வந்தது: குறித்த காலத்துக்குள் விருப்பம் தெரிவித்ததற்குப் பணிப்பதிவேட்டில் பதிவு இல்லை, ஓய்வு பெற்ற பின் விருப்பம் தெரிவிக்க விதியில் இடமில்லை, எனவே கோரிக்கை ஏற்பதற்கில்லை. கார்பன் நகலைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. கொடுத்த சான்றை ஏற்க முடியாது என்றால் ஏன் என்று சொல்லியிருக்கலாம். பார்த்ததாகவே காட்டிக்கொள்ளாததுதான் எனக்கு வருத்தம்.

2022 பிப்ரவரியில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. இனியும் தள்ளிப்போடக் கூடாது என்று வழக்கறிஞரிடம் நான் வற்புறுத்தியதற்குக் காரணம் உண்டு. ஓய்வூதியக் குறைபாடு மாதாமாதம் தொடரும் தவறு, அதனால் தாமதம் என்று தள்ளிவிட முடியாது. ஆனால் நிலுவை மட்டும் பொதுவாக மனுப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று வருடத்துக்குத்தான் என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் தர்சேம் சிங் வழக்கில் சொல்லியிருக்கிறது. ஏட்டய்யா ஓய்வு பெற்றது 2019 ஏப்ரல் கடைசி. பிப்ரவரியில் போட்டால் முழு நிலுவையும் அந்த மூன்று வருடத்துக்குள் அடங்கும். இரண்டு வருடம் கழித்து வந்திருந்தால் ஏறக்குறைய இரண்டு வருடப் பணம் போனது போனதுதான்.

எங்கள் வாதம் மூன்று. முதலாவது, விருப்பத்தைக் கேட்க வேண்டிய கடமை அலுவலகத்துடையது. கேட்டதற்கு ஆதாரம் இல்லாதபோது கெடு ஓடத் தொடங்கவே இல்லை. இரண்டாவது, கேட்காமலேயே அவர் 1997-இல் எழுதிக் கொடுத்திருக்கிறார், முத்திரை இருக்கிறது. எனவே இது ஓய்வுக்குப் பிறகு தோன்றிய விருப்பம் அல்ல. மூன்றாவது, ஓய்வூதியம் அரசு மனமிரங்கிக் கொடுக்கும் தர்மம் அல்ல. 1982 டிசம்பர் 17 அன்று நகாரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது அது. அந்தத் தீர்ப்பின் நாளைத்தான் ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடுகிறோம். 2013-இல் ஜார்க்கண்ட் அரசு தொடர்ந்த ஒரு வழக்கில், ஓய்வூதியம் அரசமைப்பின் 300-ஏ பிரிவின்படி சொத்து, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் அதைப் பறிக்க முடியாது என்றும் சொன்னது.

எதிர்த்தரப்பு சொன்னதிலும் ஒன்றை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். முத்திரை மட்டும் இருந்து எண் இல்லாத ஒரு காகிதத்தை எல்லோரிடமும் ஏற்றுக்கொண்டால், நாளைக்கு யார் வேண்டுமானாலும் பழைய முத்திரையோடு வரலாம். அது நியாயமான பயம். இந்த மனுவைக் காப்பாற்றியது பணிப்பதிவேட்டின் சிவப்பு மை. அவர் முன்னாள் படைவீரர் என்பது அலுவலகத்துக்குத் தெரியும், கேட்க வேண்டியதைக் கேட்கவில்லை என்று அந்தப் பதிவேடே சொல்லிவிட்டது. மறுப்பாணையை ரத்து செய்து, சான்றுகளைப் பரிசீலித்து 12 வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்கும்படி தீர்ப்பு வந்தது. ஏட்டய்யா ராணுவப் பணிக்கொடையைக் கருவூலச் செலானில் கட்டினார். செலானை லேமினேட் செய்து வைத்திருக்கிறார்.

திருத்திய ஓய்வூதிய ஆணை 2023 அக்டோபரில் வந்தது. தகுதியான பணிக்காலம் என்ற இடத்தில் படைப்பணி தனி வரியாக இருந்தது. 24,000 ரூபாய் அடிப்படை ஓய்வூதியம், ஓய்வு பெற்ற மறுநாளிலிருந்து நிலுவை, பணிக்கொடை வித்தியாசம். தாமதத்துக்கு வட்டியும் கேட்டிருந்தோம். அது கிடைக்கவில்லை. அவரும் மேலே போக வேண்டாம் என்று விட்டுவிட்டார்.

இந்த வழக்கைக் கேள்விப்பட்டுப் பலர் என்னைத் தேடி வந்தார்கள். எல்லாப் பழைய பணிக்கும் ஒரே விதி இல்லை என்பதை அவர்களுக்குச் சொல்ல வேண்டியிருந்தது. சி.ஆர்.பி.எஃப். போன்ற மத்தியப் படையிலிருந்து வந்தவர், அங்கே முறையான அனுமதியோடு இந்த வேலைக்காகவே ராஜினாமா செய்திருக்க வேண்டும். அனுமதி இல்லாமல் ராஜினாமா செய்தால் முந்தைய பணி கணக்கில் சேராமல் போய்விடும். தற்செயல் செலவினத்தில் (நிரந்தரப் பணியிடம் இல்லாமல், அலுவலகத்தின் சில்லறைச் செலவுக் கணக்கில்) சம்பளம் வாங்கிப் பிறகு நிரந்தரமானவர்களுக்கு, 2003 ஏப்ரல் 1க்கு முன் நிரந்தரமாகியிருந்தால், அந்தப் பணியில் பாதி சேரும். ஊர்க்காவல் படையில் இருந்த வருடங்கள் சேராது, அது தன்னார்வத் தொண்டு. 2003 ஏப்ரல் 1 அன்றோ அதற்குப் பிறகோ நியமனம் பெற்றவர்கள் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் சேர்க்கப்பட்டவர்கள் என்பதால் இந்தக் கணக்கு அவர்களுக்கு இப்படிப் பொருந்தாது. அப்புறம் ஒன்று: காவல் பணியே 30 வருடத்தைத் தாண்டியவர் பழைய பணியைச் சேர்த்தாலும் மாத ஓய்வூதியம் உயராது. பணிக்கொடையில் மட்டும் வித்தியாசம் வரலாம், அதுவும் 33 வருடம் வரை.

போன மாதம் ஏட்டய்யா ஒரு அம்மாவை அழைத்து வந்தார். அவரோடு ஒரே நாளில் காவல்துறையில் சேர்ந்த, அவரைப் போலவே பட்டாளத்திலிருந்து வந்த ஒருவரின் மனைவி. கணவர் 2020-இல் இறந்துவிட்டார். வழக்கமான விகிதத்தில் குடும்ப ஓய்வூதியம் கடைசி ஊதியத்தில் 30 சதவீதம். பணி வருடம் கூடினாலும் அது கூடாது என்று அவருக்கு விளக்கினேன். பணிக்கொடை வித்தியாசத்தைக் கேட்டுப் பார்க்கலாம். அவர் கணவர் விருப்ப மனு கொடுத்தாரா என்று யாருக்கும் தெரியவில்லை. பணிப்பதிவேட்டு நகலுக்கு மனு எழுதி அவரிடம் கையெழுத்து வாங்கினேன். முதல் நான்கு பக்கம் தெளிவாக வர வேண்டும், ஓரக் குறிப்பு வெட்டுப்படக் கூடாது என்று அதில் தனியாக ஒரு வரி சேர்த்திருக்கிறேன். ஏட்டய்யா தபால் பிரிவில் நின்று, மனு எண்ணையும் எழுதி வாங்கிக்கொண்டுதான் வெளியே வந்தார்.